வெள்ளிமேனி மோகினிக்கு ஏழு ஆட்சேபங்கள்

பெத்தணன் தயாரித்த இருபத்திரண்டு படங்களிலும் செத்தவர்களை ஒன்றாக நிற்க வைத்தால் சாத்தூர் பஸ் ஸ்டாண்டு கொள்ளாது. கிணற்றில் விழுந்து செத்தவர்கள், பாம்பு தீண்டிச் செத்தவர்கள், முகமூடி மாடசாமியிடம் உதை வாங்கிச் செத்தவர்கள். அத்தனை பேரும் மறுநாள் காலையில் எழுந்து, தூக்குவாளியில் சோற்றைப் போட்டுக்கொண்டு, கம்பெனி வேன் பிடித்து வேலைக்குப் போனவர்கள்தான். இருபத்திரண்டாவது படத்தில் நடித்த எட்டுப் பெண்கள் மட்டும் அப்படிப் போய்த் திரும்பி வரவில்லை.

பெத்தணன் சினிமா படித்தவரில்லை. சிவகாசியில் ஆப்செட் மெஷினுக்குத் தாள் கொடுக்கிற வேலை. பட்டாசுப் பெட்டி லேபிளும் சினிமா போஸ்டரும் ஒரே மெஷினில் ஓடும். இருபது வருஷத்துக்கு முன்னால் ஒருநாள், மை மாறிப்போய் ஒரு கதாநாயகியின் முகம் பச்சையாக விழுந்துவிட்டது. ஆயிரம் தாள் கழிவு. கிழித்துப்போட மனசில்லாமல் கதாநாயகியின் கழுத்துக்குக் கீழே 'பச்சைக் காட்டேரி' என்று அடித்து, வேடிக்கைக்காக ஊர்ச் சுவர்களில் ஒட்டிவிட்டார். ஒரு வாரத்தில் மூன்று தியேட்டர்காரர்கள் படப்பெட்டி எங்கே என்று கேட்டு வந்து நின்றார்கள். படம் எடுக்க வேண்டியதாகப் போயிற்று.

அதற்கப்புறம் அதுவே அவருடைய முறை. முதலில் போஸ்டர், பிறகு படம். போஸ்டரில் பாம்பு விழுந்தால் கதையில் பாம்பு வரும். இரண்டு போஸ்டர் ஒன்றின்மேல் ஒன்று அச்சாகிவிட்டால் ரெட்டைத்தலை வில்லன். 'நாகத்தின் நாலாவது சபதம்' என்று ஒரு படம் எடுத்தார். முதல் மூன்று சபதம் என்னவென்று யாரும் கேட்கவில்லை. எல்லாப் படத்திலும் பேயை அடக்குகிற கதாநாயகன் முகமூடி மாடசாமியாக நடித்தவர் ஏழாயிரம்பண்ணைக் கறிக்கடைக்காரர். ஞாயிற்றுக்கிழமை வரமாட்டார். அதனால் பெத்தணன் படங்களில் ஞாயிற்றுக்கிழமை மட்டும் பேய்கள் ஜெயிக்கும்.

வீட்டில் அடுப்பு எரிந்தது இந்தப் படங்களால் இல்லை. அவர் மனைவி வீரலட்சுமி பட்டாசுக் கம்பெனிக்குப் போனதால்.

"ஒங்க பேயி நாலு நாளைக்கு ஓடுது. நான் வருசம் பூரா ஓடுதேன்" என்பாள். "இருவத்தோரு படம் எடுத்திருக்கீக. ஒரு பொணமாக் கிடக்கக்கூட என்னைக் கூப்பிடலயே. ஏன், என் மூஞ்சி பொணத்துக்கும் ஆகாதோ?"

கார்த்திகை மாதம் ஒரு நாள் அவள் வேலை முடிந்து வாசலில் வந்து நின்றாள். வாணவெடிக்கு அலுமினியப் பவுடர் சேர்த்த மருந்து அடைக்கிற வேலை அவளுக்கு. முழங்கை, கழுத்து, காதுமடல், கண்ணிமை எல்லாம் வெள்ளி பூத்திருந்தது. பொழுது சாயும் வெளிச்சத்தில் பெத்தணன் அவளை ரொம்ப நேரம் பார்த்தார். பதினெட்டு வருஷமாக இதே கோலத்தில்தான் வந்து நின்றிருக்கிறாள். அன்றைக்குத்தான் பார்த்தார்.

"என்ன அப்படிப் பாக்கீக? குளிக்கத் தண்ணி எடுத்து வைங்க."

'வெள்ளிமேனி மோகினி' அப்படிப் பிறந்தது. மேக்கப்மேன் கிடையாது. வீரலட்சுமியோடு வேலை பார்த்த ஏழு பெண்களையும் சேர்த்து எட்டு மோகினிகள். நாலு மணிக்கு வேலை முடிந்ததும் குளிக்காமல் கொள்ளாமல் அப்படியே ஏற்றிக்கொண்டு, கண்ணுச்சாமி வேனை ஒரு பாழுங்கிணற்றுக்கு விடுவான். கண்ணுச்சாமி கம்பெனி வேன் டிரைவர். அவன் மனைவி முத்துமாரிதான் மூத்த மோகினி. மாடசாமி அவளைப் பார்த்து, "யார் நீ?" என்று கர்ஜிக்க வேண்டும். அவள் தலையை விரித்துக்கொண்டு அலற வேண்டும். அவ்வளவுதான் எழுதியிருந்தது. கேமரா ஓடும்போது முத்துமாரி அலறவில்லை.

"உசுரோட இருக்கையில ஒருநா லீவு கேட்டேன், தரல. இப்பப் பாத்தியா, தெனமும் லீவு" என்றாள்.

கறிக்கடைக்காரர் முகமூடிக்குள்ளேயே சிரித்துவிட்டார். பெத்தணன் அதை வெட்டவில்லை.

படம் தை மாதம் முடிந்தது. சிவகாசியில் கல்யாண வீடியோ எடுக்கிற சாலமன்ராஜின் ஸ்டூடியோவில் வைத்து வெட்டி ஒட்டி, ஒரே ஒரு ஹார்டு டிஸ்க்கில் ஏற்றி, மதுரையில் இருக்கிற திரைத் தூய்மைச் சபையில் கொண்டுபோய்க் கொடுத்தார்கள். அவர்கள் அரக்கு வைத்து வாங்கிக்கொண்டார்கள். சபையின் சான்று இல்லாமல் எந்தத் தியேட்டரும் படத்தைத் தொடாது.

மாசி மாதம் கம்பெனியில் ஒரு ரூம் வெடித்துப் போயிற்று. மதியம் சாப்பிட்டுவிட்டு உட்கார்ந்தவர்கள். எட்டுப் பேர்.

அதைப் பற்றி எழுத ஒன்றும் இல்லை. பேப்பரில் பெயர், வயது, கணவர் பெயர் எல்லாம் சரியாக வந்திருந்தது.

பதினாறாம் நாள் காரியம் முடிந்த மறுநாள் கண்ணுச்சாமி வந்தான். ஊர் முக்கில் வைக்கிற பிளெக்ஸுக்கு முத்துமாரியின் படம் வேண்டும். அவனிடம் இருந்தது கம்பெனி அடையாள அட்டையில் ஒட்டிய ஸ்டாம்பு அளவு போட்டோ. அதைப் பெரிதாக்கியதில் முகம் கலைந்து மாவரைத்த மாதிரி ஆகிவிட்டது. போனில் இருந்த படங்கள் போனோடு போய்விட்டன.

"அண்ணே, படத்துல அவ பேசுவாள்லண்ணே. அதைக் கொஞ்சம் போட்டுக் காட்டுங்க. அது போதும்."

இருவரும் சாலமன்ராஜிடம் போனார்கள். அவன் தலையைச் சொறிந்தான்.

"அண்ணே, தை மாசம்ண்ணே. முப்பத்தாறு கல்யாணம், ஒம்போது சடங்கு. கம்ப்யூட்டர்ல எடம் இல்ல. நீங்கதான் டிஸ்க்குல ஏத்தியாச்சே, சபையில குடுத்தாச்சேன்னு அழிச்சிட்டேன். சாமி சத்தியமா இப்படி ஆகும்னு தெரியாதுண்ணே" என்று சொல்லி அழுதான்.

ஆக, எட்டுப் பேரும் இருப்பது மதுரையில் அரக்கு வைத்த ஒரு பெட்டிக்குள் மட்டும்தான்.

சபையின் கடிதம் அந்த வாரமே வந்தது. படத்தில் ஏழு ஆட்சேபங்கள்.

ஒன்று, மோகினி சிரிக்கும்போது கம்பியில் இருந்த காகம் பறக்கிறது. காகம் தானாகப் பறந்ததா, மிரண்டு பறந்ததா என்பதற்குச் சான்று இணைக்கப்படவில்லை. இரண்டு, மோகினிகள் வெளிவரும் கிணற்றைச் சுற்றித் தடுப்புச் சுவர் இல்லை. அவர்கள் தவறி விழ நேரிடலாம். மூன்று, எட்டு மோகினிகளும் எந்தச் சமூகத்தையும் சேர்ந்தவர்கள் இல்லை என்பதற்கு வட்டாட்சியர் சான்று தேவை. நான்கு, மேனியில் பூசிய வெள்ளிச் சாயம் அங்கீகரிக்கப்பட்ட ஒப்பனைக் கலைஞர் பூசியதா? ஐந்து, மோகினிகள் வந்து இறங்கும் வாகனத்தில் அனுமதித்த அளவுக்கு மேல் ஆட்கள் இருக்கிறார்கள். ஆறு, இறந்தவர்கள் இவ்வளவு சந்தோஷமாக இருப்பதாகக் காட்டுவது உயிரோடு இருப்பவர்களின் ஊக்கத்தைக் குறைக்கும். ஏழு, லீவு பற்றிய வசனம் மாவட்டத்தின் பெருமைமிகு தொழிலை இழிவு செய்கிறது.

ஏழையும் வெட்டினால் மோகினி ஒருத்தியும் மிஞ்சமாட்டாள். மாடசாமி காலியான கிணற்றோடு சண்டை போடுவார்.

பெத்தணன் பஸ் பிடித்து மதுரை போனார். மண்டல அலுவலர் மணிகண்டராஜ் மரியாதையான மனிதர். உட்காரச் சொன்னார்.

"சார், அதுல நடிச்ச பொம்பளைக எட்டுப் பேரும் செத்துப்போயிட்டாக. அந்த வெடிவிபத்துல. ஒரு வாட்டி அவுக வீட்டாளுகளுக்குக் காட்டிட்டுத் தாரேன். டிஸ்க்கைக் குடுங்க."

மணிகண்டராஜ் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "கேள்விப்பட்டேன், ரொம்ப வருத்தம். ஆனா ஒண்ணு சொல்றேன், தப்பா நினைக்காதீங்க. படப்பிடிப்புல இறந்தாங்களா?"

"இல்ல சார், வேலையில."

"அப்ப நமக்குப் பிரச்சினையில்லை." அவர் முகம் தெளிந்தது. "படப்பிடிப்புல ஒரு கோழிக்கு அடிபட்டிருந்தாக்கூட நான் விட்டிருக்க மாட்டேன். அந்த விஷயத்துல எங்க சபை ரொம்பக் கண்டிப்பு."

பரிசீலனை முடியாமல் டிஸ்க்கைக் கொடுக்க முடியாது என்றார். வெட்டுகளை ஒத்துக்கொண்டு கையெழுத்துப் போட்டால் இன்றைக்கே சான்று தயார். வெட்டிய பகுதிகள் விதிப்படி அழிக்கப்படும். மீதி திரும்பிவரும்.

"ஒத்துக்கிடலன்னா?"

"மேல்முறையீடு செய்யலாம். உங்க உரிமை." விதிப்புத்தகத்தை அவரே எடுத்துப் பிரித்துக் காட்டினார். "ஒவ்வொரு ஆட்சேபத்துக்கும் தனித்தனியா. ஒவ்வொரு மேல்முறையீட்டுக்கும் குழு முழுப் படத்தையும் ஒரு தடவை பார்க்கும். விளக்கம் சொல்ல ஒரு சாட்சி உள்ள வரலாம். தயாரிப்பாளர் வெளியே இருக்கணும். உள்ள இருந்தா உறுப்பினர்களுக்குப் பரிதாபம் ஏற்பட வாய்ப்பிருக்கு."

திரும்பி வருகிற பஸ்ஸில் விருதுநகர் தாண்டும் வரை பெத்தணன் ஏழு ஆட்சேபத்தையும் ஏழு வீட்டையும் விரல்விட்டு எண்ணிக்கொண்டே வந்தார். வீட்டுக்கு வந்ததும் கண்ணுச்சாமிக்குப் போன் போட்டார்.

"ஏலே, வேட்டி சட்டையைத் தொவைச்சு வையி. காக்காயப் பத்திச் சாட்சி சொல்லணும்."

குழுவில் ஒன்பது பேர். தலைவர் கற்பகவல்லி அம்மையார், ஓய்வு பெற்ற கல்லூரி முதல்வர். படம் போடுமுன் கண்ணுச்சாமியை நிற்க வைத்துக் கேட்டார். கதவு திறந்திருந்ததால் நடைபாதை பெஞ்சில் இருந்த பெத்தணனுக்கும் கேட்டது.

"காகத்தை உங்களுக்கு எத்தனை வருஷமாத் தெரியும்?"

"எந்தக் காக்காம்மா?"

"சம்பந்தப்பட்ட காகம்."

"கெணத்து மேட்டுல எப்பவும் இருக்கும்மா. தூக்குவாளியத் தொறந்தா வரும்."

"ஆக, உணவு காட்டி வரவழைக்கப்பட்ட காகம்" என்று எழுதிக்கொண்டார்கள்.

அப்புறம் அம்மையார் ஒரு சிற்றுரை ஆற்றினார். "நாங்க பதினாலு வருஷமா எல்லாக் கண்றாவியையும் பார்த்துட்டுத்தான் இருக்கோம். எங்களை ஒரு படமும் ஒண்ணும் செஞ்சதில்லை. ஏன்னா நாங்க பார்க்கிறதேயில்லை, பரிசீலிக்கிறோம். பொதுஜனம் அப்படியில்லை. அவங்க பார்த்துடுவாங்க. பார்த்தா மனசுல பட்டுடும். அந்த ஆபத்துல இருந்து அவங்களைக் காப்பாத்தத்தான் இந்தச் சபை."

கதவு மூடியது. ஒரு மணி நேரம் கழித்து, பலகைக் கதவைத் தாண்டி முத்துமாரியின் குரல் லேசாகக் கேட்டது. உசுரோட இருக்கையில ஒருநா லீவு கேட்டேன். பெத்தணன் பெஞ்சைப் பிடித்துக்கொண்டார்.

வெளியே வந்த கண்ணுச்சாமி நேரே கழிவறைக்குப் போய் ரொம்ப நேரம் தண்ணீரைத் திறந்துவிட்டான். திரும்பி வந்து பக்கத்தில் உட்கார்ந்தான்.

"அவ சிரிக்காண்ணே."

"ஆமா."

"எம்புட்டுப் பெருசாத் தெரியுதா! சொவரு நெறைய. இன்னொருக்கப் போடுங்கன்னு கேட்டேன். ஒரு மேல்முறையீட்டுக்கு ஒரு தடவதானாம்." சட்டை நுனியால் முகத்தைத் துடைத்தான். "காக்கா மிரண்டுச்சா இல்லியான்னு கேட்டாக. நான் காக்காயவே பாக்கலண்ணே."

முதல் மேல்முறையீடு தள்ளுபடி ஆயிற்று. பெத்தணன் அதைக் கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டு, அதே மேஜையில் இரண்டாவதற்கு மனு எழுதினார்.

கிணற்றுத் தடுப்புச் சுவர் பற்றி விளக்கம் சொல்ல அழகுமீனாவின் அப்பா போனார். அவருக்குக் காது கேட்காது. கேட்ட கேள்விக்கெல்லாம், "ஆமாய்யா, தங்கமான பிள்ளை" என்றார். சமூகச் சான்றுக்கு அனுப்பிரியாவின் தாய் போனாள். மகள் செத்தபின் எந்தச் சமூகம் என்று கேட்டதற்கு, "செத்தவுகளுக்கும் உண்டுமா சாமி?" என்று திருப்பிக் கேட்டாள். அது விதிப்புத்தகத்தில் இல்லாததால் குழு அரைமணி நேரம் தனியாகக் கூடி விவாதித்தது. வெள்ளிச் சாயத்துக்கு ஒருத்தியின் தம்பி போனான். "ஒப்பனைக் கலைஞர் யார்?" என்றதற்குக் கம்பெனிப் பெயரைச் சொன்னான். "அவர் சங்கத்தில் உறுப்பினரா?" என்றார்கள்.

வேன் ஆட்சேபத்துக்கு ஒரு மாமியார். சந்தோஷ ஆட்சேபத்துக்கு ஒரு புருஷன். அவன் படம் முடிந்தும் எழுந்திருக்கவில்லை. இரண்டு பேர் பிடித்துக் கொண்டுவந்து பெஞ்சில் விட்டார்கள். ஒவ்வொருத்தர் வரும்போதும் பெத்தணன் ஒரு டீயும் வடையும் வாங்கிவைத்துக்கொண்டு காத்திருப்பார். தியேட்டர் இடைவேளை மாதிரி. அவர் படங்களுக்கு இந்த மாதிரிப் பார்த்துவிட்டு வந்த ஜனம் இதுவரை கிடையாது.

ஏழாவது, வசனம். ஏழாவது வீட்டிலிருந்து அக்காளும் தங்கச்சியும் வந்து, யார் உள்ளே போவது என்று வாசலில் அழுது, கடைசியில் தங்கச்சி போனாள். அதுவும் தள்ளுபடி.

எட்டாவது வீடு பெத்தணனுடையது.

மேஜைமேல் ஏழு தள்ளுபடி உத்தரவுகளையும் அடுக்கி வைத்துக்கொண்டு மணிகண்டராஜ் நிம்மதியாக மூச்சு விட்டார். "எல்லாம் முடிஞ்சது. சாயங்காலம் வெட்டி அழிச்சிடுவோம். நாளைக்குச் சான்று வாங்கிக்கலாம்."

"சார், இன்னொரு ஆட்சேபம் வேணும்."

"என்னது?"

"அந்தப் படத்துல இன்னொரு குத்தம் கண்டுபிடிங்க சார். மாடசாமி வேட்டி நழுவுது. கெணத்துச் சண்டையில ஒரு கோழி ஓடுது, நீங்க கவனிக்கல. கொடியில பொம்பளைக துணி காயுது."

மணிகண்டராஜ் கோப்பைப் புரட்டினார். உண்மையாகவே தேடினார். பிறகு அன்பாகச் சிரித்தார். "எங்க ஆளுங்க ஏழு தடவை பார்த்துட்டாங்க. மீதிப் படம் சுத்தமா இருக்கு. ஒரு குறையும் இல்லை. நீங்க பெருமைப்படணும்."

இருபத்திரண்டு படத்தில் யாரும் அவரிடம் அப்படிச் சொன்னதில்லை.

"வெளியாளு யாராச்சும் புகார் குடுத்தா?"

"பொதுஜனப் புகார்னா, அன்னைக்கே குழு பார்த்தாகணும். புகார்தாரர் கூட இருக்கணும்."

"புகார் குடுக்கிறவரு வெளிய நிக்கணுமா, உள்ள இருக்கணுமா?"

"உள்ளதான்."

பெத்தணன் ஒரு வெள்ளைத்தாள் கேட்டு வாங்கி, நடைபாதை பெஞ்சில் உட்கார்ந்து எழுதினார். போஸ்டருக்குப் பேர் எழுதின கை. எழுத்து கொட்டை கொட்டையாக விழுந்தது.

'மேற்படி படத்தின் தயாரிப்பாளர் பெத்தணன் மீது பொதுஜனமாகிய பெத்தணன் கொடுக்கும் புகார். மேற்படி ஆள், கம்பெனியில் வெவ்வேறு ரூம்களில் இருந்த எட்டுப் பெண்களை ஒரே ரூமில் உட்கார வைக்கும்படி போர்மேனைக் கெஞ்சிக் கேட்டான். ஒன்றாக வேலை முடிந்தால் ஒரே வேனில் ஏற்றிவிடலாம், வெளிச்சம் போகுமுன் படம் எடுத்துவிடலாம் என்று. ஒரு ரூமுக்கு நாலு பேர்தான் என்பது அவனுக்குத் தெரியும். படம் முடிந்தபிறகு அவர்களைப் பழைய இடத்துக்கு மாற்றச் சொல்ல மறந்துவிட்டான். பேசிக்கொண்டே வேலை பார்க்கலாம் என்று அவர்களும் அங்கேயே இருந்துவிட்டார்கள். நாலு பேர் போக வேண்டிய இடத்தில் எட்டுப் பேர் போனது இவனால்.'

முதல் தடவை மதுரை வரும்போதே கண்ணுச்சாமி, "ஒரு ரூம்ல எப்படிண்ணே எட்டுப் பேரு?" என்று கேட்டிருந்தான். பெத்தணன் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

மணிகண்டராஜ் புகாரை முழுவதும் படித்தார். ஒருமுறை நிமிர்ந்து பார்த்தார். மறுபடி படித்தார்.

"இது நம்ம எல்லைக்குள்ள வராதே. ரூம்ல எத்தனை பேருங்கிறது வேற துறை. திரையில எத்தனை பேருங்கிறதுதான் நாங்க." படிவத்தைப் பார்த்து யோசித்தார். "ஆபாசம், வன்முறை, மூடநம்பிக்கை, மற்றவை. மற்றவையில போடலாமா?"

"போடுங்க சார்."

ஒன்பது பேரும் எட்டாவது தடவையாக வந்து உட்கார்ந்தார்கள். இரண்டு பேர் தலையணை மாதிரி ஏதோ கொண்டுவந்திருந்தார்கள். பெத்தணனுக்கு முன்வரிசையில் தனி நாற்காலி. ஏசி குளிர்ந்தது. கற்பகவல்லி அம்மையார் விதியைப் படித்தார்.

"புகார்தாரர் ஆட்சேபகரமான இடம் வந்ததும் கையைத் தூக்கணும். தூக்கினதும் படம் அங்கேயே நிக்கும். எழுத்தர் குறிச்சுக்குவார். கையை இறக்கினாத்தான் மறுபடி ஓடும்."

படம் ஓடியது. காகம் பறந்தது. முத்துமாரி பேசினாள். மோகினிகள் கிணற்றிலிருந்து ஒவ்வொருத்தியாக ஏறி வந்தார்கள். அழகுமீனா, அனுப்பிரியா, மற்றவர்கள். கடைசியாக வீரலட்சுமி. அவள் கண்ணை உருட்டிக்கொண்டு ஏற வேண்டும் என்று சொல்லிக்கொடுத்திருந்தார். பாதிப் படியிலேயே அவள் அதை மறந்துபோனாள். வெள்ளி பூத்த இமையை நிமிர்த்தி, கேமராவுக்குப் பக்கத்தில் நின்ற பெத்தணனைப் பார்த்து, முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு சிரித்துவிட்டாள்.

பெத்தணன் கையைத் தூக்கினார்.

படம் நின்றது. சுவர் நிறைய வீரலட்சுமி அவரைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

எழுத்தர் பேனாவைத் திறந்தார். "ஆட்சேபம் என்னன்னு சொல்லுங்க."

"எழுதுங்க சார். மெதுவா எழுதுங்க."

"என்ன எழுத?"

பின்னால் யாரோ கொட்டாவி விட்டார்கள். யாரோ மணி பார்த்தார்கள்.

"புகார்தாரரே, கையை இறக்கலாம்" என்றார் அம்மையார்.

"இன்னும் இல்லம்மா."

கொஞ்ச நேரத்தில் தோள்பட்டை கடுக்க ஆரம்பித்தது. ஐம்பத்தெட்டு வயசு, முப்பது வருஷம் மெஷினுக்குத் தாள் தூக்கிக் கொடுத்த கை. அவர் இடது கையைக் கொண்டுபோய் வலது முழங்கைக்கு முட்டுக் கொடுத்துக்கொண்டார்.